முன்வரிசை மீசைக்காரன்

"கூட்டம் எங்கே?" என்றார் மேனேஜர்.

"இதுதான் சார் கூட்டம்," என்றாள் ஒட்டுக்காரி.

அவர் ஃபிலிம் சுருளை விளக்குப் பெட்டிக்கு மேலே பிடித்து இன்னொரு தடவை பார்த்தார். போக்குவரத்து மந்திரி மேடையில் நிற்கிறார். வாய் திறக்கிறது, மூடுகிறது, கை உயர்கிறது. கேமராக்காரர் கேமராவை அந்தப் பக்கம் திருப்பி, கேட்க வந்தவர்களையும் எடுத்திருந்தார். முப்பது பேர் இருந்தால் அதிகம். அதில் பாதி போலீஸ். மீதியில் ஒருவர் கொட்டாவி விடுகிறார். மேடைக்கு முன்னால் ஒரு நாய் உட்கார்ந்து காதைச் சொறிகிறது.

"நாய் மட்டும்தான் அக்கறையாக் கேட்டிருக்கு."

"அதுவும் பாதியிலே எழுந்து போயிடுச்சு சார். கொஞ்சம் தள்ளிப் பாருங்க."

மேனேஜர் தள்ளிப் பார்க்கவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "மந்திரி ஆபீஸ்லேர்ந்து காலையிலே இருந்து மூணு தடவை ஃபோன் வந்தாச்சு. எதையாவது எடுத்து ஒட்டி ஒப்பேத்துங்க. மூணு மணிக்குள்ளே லேபுக்குப் போயாகணும்."

படம் பேச ஆரம்பிக்காத காலம் அது. கொட்டகையில் பெரிய படத்துக்கு முன்னால் பத்து நிமிஷம் செய்திப்படம் ஓடும். ஒரு மந்திரியை ஜென்மத்தில் நேரில் பார்த்திராத ஜனங்கள், அவர் நடப்பதையும் தொப்பியைத் தூக்குவதையும் அங்கேதான் முதல்முதலாகப் பார்த்தார்கள். வாரம் ஒரு படம். எடுத்து வந்ததை வெட்டி, வரிசைப்படுத்தி, ஒட்டித் தருவது இவள் வேலை. ஒன்பது வருஷமாக அதே மேஜை, அதே முக்காலி. ஒட்டுக்காரி என்று கூப்பிட்டபோது ஆரம்பத்தில் சுருக்கென்று இருந்தது. இப்போது சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால்தான் இரண்டாம் தடவை திரும்பிப் பார்ப்பாள்.

"எந்தக் கூட்டத்தை எடுக்கட்டும் சார்?"

சுவரோரம் தகர டப்பாக்கள் அடுக்கியிருந்தன. எப்போதோ எடுத்த கூட்டங்கள். எதையும் தூக்கிப்போட மேனேஜருக்கு மனசு வராது. டப்பாவின் மேல் அவள் கையெழுத்திலேயே சீட்டு ஒட்டியிருக்கும். சிரிக்கிற கூட்டம். குடை பிடித்த கூட்டம். தொப்பி கழற்றுகிற கூட்டம்.

"அந்தத் தொப்பி கழட்டுறதைப் போடுங்களேன். மரியாதையா இருக்கும்."

"அதை டிராம்காரங்க ஊர்வலத்துக்குப் போட்டாச்சு சார். ரெண்டு மாசம்கூட ஆகலை."

"ஆமாமா. அப்போ கைதட்டுறது."

தொப்பி கழற்றும் கூட்டத்தை டிராம்காரர்களுக்குப் போடச் சொன்னவர் மேனேஜர் இல்லை. அவளாகப் போட்டாள். அவள் தம்பி டிராம் ஓட்டுகிறவன். டிராம் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்து ஐம்பத்தாறு நாள் ஆகிறது. அதை நடத்தும் ஐந்து பேர் கமிட்டியில் அவனும் ஒருவன். அவர்கள் ஊர்வலம் போனதைக் கேமராக்காரர் எடுத்து வந்தபோது, பாவம், அதுவும் இந்த மந்திரி கூட்டம் மாதிரிதான் இருந்தது. எப்போதோ செத்துப்போன ஒரு தலைவரின் இறுதி ஊர்வலத்தில் தெருவின் இரண்டு பக்கமும் நின்று தொப்பியைக் கழற்றிய ஜனங்களை எடுத்து நடுவில் வைத்து ஒட்டிவிட்டாள். மேனேஜர் பார்த்துவிட்டு, "பிரமாதம், கடல் மாதிரி இருக்கு," என்றார். அவருக்கு யார் ஊர்வலமாக இருந்தாலும் கடல் மாதிரி இருந்தால் போதும்.

தம்பி டிராம்காரன் என்று ஆபீசில் அவள் மூச்சு விட்டதில்லை. ஊர்வலத்தில் ஒட்டு இருக்கிறது என்று தம்பியிடமும் மூச்சு விட்டதில்லை. இந்த அறையில் நடப்பது வெளியே போகக்கூடாது என்று சேர்ந்த அன்றைக்கே கையெழுத்து வாங்கியிருந்தார்கள்.

கைதட்டும் கூட்டம் பதினோராம் டப்பாவில் இருந்தது. இரண்டு வருஷத்துக்கு முந்தைய சைக்கிள் பந்தயத்தில் எடுத்தது. அவள் வெள்ளைக் கையுறையை மாட்டிக்கொண்டு சுருளைப் பிரித்தாள். நெகட்டிவில் எல்லாமே தலைகீழ். வெளிச்சம் கறுப்பு, கறுப்பு வெளிச்சம். எல்லாருக்கும் முகம் கரி பூசினாற்போல் இருக்கும், தலைமுடி நரைத்தாற்போல் இருக்கும். பச்சைக்குழந்தைக்கும் நரைமுடிதான். அந்த முகங்களை அவள் பார்ப்பதில்லை. பார்த்து என்ன ஆகப்போகிறது? கை எங்கே சேருகிறது, எங்கே விலகுகிறது, வெட்ட இடம் எது, அவ்வளவுதான். மந்திரி தொப்பியைத் தூக்கும் இடத்தில் வெட்டினாள். நாயை எடுத்துக் கூடையில் போட்டாள். ஓரத்தைப் பிளேடால் சுரண்டி, பசை தடவி, கைதட்டலை வைத்து அழுத்தினாள். திரையில் ஓடினால் ஐந்து விநாடி. பசையின் நெடி மூக்கில் ஏறியது. இரண்டே முக்காலுக்கு வேலை முடிந்தது.

அடுத்த திங்கட்கிழமை, ஆபீசில் தந்த இலவசப் பாஸில் தம்பி மனைவியையும் கூட்டிக்கொண்டு பெரிய தியேட்டருக்குப் போனாள். கம்பளம் விரித்த இடம். தம்பி மனைவி செருப்பைக் கழற்றலாமா வேண்டாமா என்று வாசலிலேயே தயங்கினாள்.

"சும்மா வா. எல்லாரும் செருப்போடதான் போறாங்க."

"வேலைநிறுத்தம் பண்றவன் பொண்டாட்டி கம்பளத்துலே நடக்கிறாள்னு யாராவது பாத்துடப் போறாங்கக்கா."

"இங்கே யாரு உன்னைத் தெரிஞ்சவங்க வரப்போறாங்க?"

விளக்கு அணைந்தது. மந்திரி வந்தார், பேசினார், தொப்பியைத் தூக்கினார். திரை முழுக்க ஜனங்கள் கை தட்டினார்கள். முன்வரிசையில் வலப்பக்கம் இரண்டாவது ஆள், முறுக்கு மீசை, வாயெல்லாம் பல்லாக, உள்ளங்கை சிவந்துபோகிற மாதிரி தட்டிக்கொண்டிருந்தான்.

"அக்கா," என்றாள் தம்பி மனைவி.

ஒட்டுக்காரி திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா, அது நம்ம வீட்டு ஆளு."

"ம்."

"மீசையோட இருக்காரு. மீசையைத்தான் போன வருஷமே எடுத்துட்டாரே. டிப்போ சூப்பிரண்டும் அதே மாதிரி வெச்சிருக்கான்னு வெறுத்துப்போய் எடுத்தாரே."

"சைக்கிள் பந்தயத்துக்குப் போனானா அப்போ?"

"போனாரு. சனியன், தொண்டை கட்டி ஒரு வாரம் பேச முடியலை. அதுக்கும் மந்திரிக்கும் என்னக்கா?"

"நான்தான்," என்றாள் ஒட்டுக்காரி. "நான்தான் தூக்கி வெச்சேன். முகத்தைப் பார்க்கலை. கரிக்கட்டை மாதிரி இருந்துச்சு."

கூடப்பிறந்தவன். இடுப்பில் தூக்கி வளர்த்தவன். அவள் விரலுக்கும் பிளேடுக்கும் நடுவில் ஐந்து விநாடி கிடந்திருக்கிறான், தெரியவில்லை.

மறுநாள் மேனேஜர் முன்னால் போய் நின்றாள். "சார், அந்தக் கைதட்டுறதை எடுத்துட்டு வேறே போட்டுடலாமா? ஒட்டு கொஞ்சம் சரியா வரலை."

"யாரு சொன்னது சரியா வரலைன்னு? மந்திரிக்கு அதுதான் உயிரா இருக்காம். அதுலேயும் முன்னாடி ஒரு மீசைக்காரன் இருக்கானாமே, அவனை ரொம்பப் புடிச்சுப்போச்சாம். உழைக்கிறவன் முகம்யா இதுன்னாராம். அடுத்த மாசம் பாலம் திறக்கிறாரு, அதுக்கும் அவனையே போடச் சொல்லியிருக்காங்க."

"ஒரே ஆளு ரெண்டு கூட்டத்துலே இருந்தா சந்தேகம் வராதா சார்?"

"விசுவாசின்னு நினைச்சுப்பாங்க."

"வெளியே போன பிரதியை மட்டுமாவது..."

"இருபத்திரெண்டு பிரதி போயிருக்கு. எங்கேனு போய்ப் பொறுக்குவீங்க? உங்களுக்கு என்ன ஆச்சு? உடம்பு கிடம்பு சரியில்லையா?"

அவள் ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டு வந்தாள். பிரதிகள் எங்கே போகும் என்பது அவளுக்கு மனப்பாடம். முதல் வாரம் கம்பளத் தியேட்டர்கள். இரண்டாம் வாரம் நாற்காலித் தியேட்டர்கள். மூன்றாம் வாரம் பெஞ்சு போட்ட கொட்டகைகள். டிராம் டிப்போவுக்கு எதிரே இருந்த கொட்டகை மூன்றாம் வாரக் கொட்டகை. அதன் சொந்தக்காரர் நல்ல மனுஷர். மத்தியானக் காட்சிக்குப் பெஞ்சு காலியாகத்தானே கிடக்கிறது என்று வேலைநிறுத்தக்காரர்களைச் சும்மாவே உள்ளே விட்டுக்கொண்டிருந்தார்.

கொட்டகை ஆபரேட்டரிடமும் போய்க் கேட்டாள். அவர் சாப்பாட்டுப் பாத்திரத்தைக் கழுவிக்கொண்டே கேட்டார்.

"அஞ்சு விநாடிதானே? வெட்டிடலாம்மா. ஆனா அந்தச் சுருள் எனக்கு எப்போ வருது தெரியுமா? மேலத்தெரு கொட்டகையிலே ஓடி முடிச்சு, சைக்கிள்லே கொண்டு வருவாங்க. தொட்டா இன்னும் சூடா இருக்கும். இந்தக் கையாலே வாங்கி அந்தக் கையாலே மாட்டணும். பிரிச்சு வெட்ட எங்கே நேரம்?"

"காட்சி முடிஞ்சப்புறம்?"

"முடிஞ்சப்புறம் வெட்டி என்னத்துக்கு?"

கடைசியில் தம்பியிடமே சொன்னாள். அவன் சிரி சிரி என்று சிரித்தான். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

"எனக்கு மந்திரியைக் கண்டா ஆகாது, நான் அவருக்குக் கை தட்டுறேனா? பல்லு தெரியுதா?"

"எல்லாப் பல்லும் தெரியுது. சிரிக்காதேடா. மந்திரி கூட்டத்தன்னைக்கு நீ காய்ச்சல்னு எங்க வீட்டிலே படுத்திருந்தே. டிப்போ வாசல் காவலுக்குப் போகலை. கேட்டா என்ன சொல்லுவே?"

"காய்ச்சல்னு சொல்லுவேன்."

"யாரு சாட்சி?"

"நீதான்."

"நான்தான் சாட்சி. நல்ல சாட்சி."

"அக்கா, பதினெட்டு வருஷமா ஒரே டிப்போ. என்னை அவங்களுக்குத் தெரியாதா? வெள்ளிக்கிழமை அஞ்சு பேரும் மந்திரியைப் பார்த்துப் பேசப்போறோம். பேசுறது நான்தான்னு அவங்களேதான் முடிவு பண்ணினாங்க. கொட்டகையிலே அந்தப் படத்தை நானும் அவங்களோட போய் உட்கார்ந்து பாக்கறேன். சேர்ந்து சிரிச்சுட்டு வருவோம்."

புதன்கிழமை மத்தியானம் ஆபீசில் தலைவலி என்று சொல்லிவிட்டு அவளும் கொட்டகைக்குப் போனாள். பெஞ்சுகள் நிறைந்திருந்தன. தம்பி மூன்றாம் பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். அவனுக்கு இரண்டு பக்கமும் அவன் ஆட்கள். மந்திரி வந்ததும் கொட்டகையே ஊளையிட்டது. கண்டக்டர் ஒருவன் இரண்டு விரலை வாயில் வைத்துக் காது கிழிய ஊதினான். அவனுக்குப் பெயரே விசில்தான். மந்திரி தொப்பியைத் தூக்கினார்.

விசில் பாதியில் நின்றது.

ஐந்து விநாடி எவ்வளவு நீளம் என்று அவளுக்கு அன்றுதான் தெரிந்தது. சேர்ந்து சிரிக்கத் தயாராக இருந்த தம்பி, சிரித்தான். அவன் ஒருவன் மட்டும் சிரித்தான்.

காட்சி முடிந்ததும் எதிரே டிப்போ கொட்டடியில் கூடினார்கள். நின்றுபோன டிராம்கள் வரிசையாகத் தூசி படிந்து நின்றன. கமிட்டித் தலைவர், எல்லாரிலும் மூத்த டிரைவர், பெரியவர் என்றே கூப்பிடுவார்கள், ஒரு டிராமின் படியில் உட்கார்ந்தார்.

"சொல்லுப்பா," என்றார்.

"அது சைக்கிள் பந்தயம் பெரியவரே. ரெண்டு வருஷம் ஆச்சு. மீசையைப் பாருங்க. எனக்கு இப்போ மீசை இருக்கா?"

"அதான் கேக்கறேன்," என்றான் விசில். "இல்லாத மீசையை எதுக்கு ஒட்டிக்கிட்டுப் போனே?"

"என்னடா பேசறே?"

"நம்ம ஆளுங்க யாராவது பார்த்துடுவாங்கன்னு பழைய மீசையை ஒட்டிக்கிட்டுப் போயிருக்கே. கேமரா இருக்கும்னு தெரியாமப்போச்சு."

"அடையாளம் தெரியாம இருக்கணும்னா எல்லாருக்கும் தெரிஞ்ச மீசையையா ஒட்டிக்குவாங்க?"

"அதை நீதான் சொல்லணும்."

"அன்னைக்குக் காவலுக்கும் வரலை," என்றது ஒரு குரல்.

"காய்ச்சல்."

"காய்ச்சல்காரன் கை தட்டற மாதிரியா இருந்துச்சு?"

யாரோ சிரித்தார்கள். அவன் வாயைத் திறந்து மூடினான், சத்தமில்லாத படத்தில் வருகிறவன் மாதிரி. ஒட்டுக்காரிக்கு அதற்கு மேல் தாங்கவில்லை. கையெழுத்துப் போட்டுக் கொடுத்த காகிதம் நினைவுக்கு வந்தது. வந்துவிட்டுப் போகட்டும் என்று முன்னால் வந்தாள்.

"அது அந்தக் கூட்டமே இல்லைங்க. நான் செய்திப்படம் ஆபீஸ்லேதான் வேலை பார்க்கறேன். மந்திரிக்கு முப்பது பேர்கூட வரலை. அவர் படத்தை நடுவிலே வெட்டி, சைக்கிள் பந்தயக் கூட்டத்தை எடுத்து வெச்சு ஒட்டிட்டோம். ஒட்டினது நான். இந்தக் கைதான்."

"ஒட்டினா கோடு தெரியாதா?" என்றார் பெரியவர்.

"தெரியாம ஒட்டத்தாங்க எனக்குச் சம்பளம்."

பெரியவர் முகத்தில் லேசாகச் சிரிப்பு வந்தது. பின்னால் இருந்தவர்களும் கலகலத்தார்கள். "முப்பது பேரா? வெறும் முப்பதா?" "அதுலே பாதி போலீஸ். ஒரு நாய் வேறே இருந்துச்சு," என்றாள். இப்போது நன்றாகவே சிரித்தார்கள். விசில்கூடத் தலையைக் குனிந்துகொண்டான். தம்பி மூச்சை விட்டான். நல்லபடியாக முடிந்துவிட்டது என்றுதான் அவளும் நினைத்தாள்.

"அப்போ நம்ம ஊர்வலம்?"

கேட்டவர் தூணில் சாய்ந்து நின்ற டிரைவர். ஊர்வலத்தில் தடியடி பட்டு ஒடிந்த கை இன்னும் கட்டுப் போட்டுத் தொங்கிக்கொண்டிருந்தது. குறும்பாகக் கேட்கவில்லை. தெரியாமல்தான் கேட்டார்.

"தெரு ரெண்டு பக்கமும் ஜனங்க நின்னாங்களே, படத்துலே. நாங்க நடந்தப்போ எனக்கு அவ்வளவு பேர் கண்ணுலே படலை. அடிபட்டதுலே கவனிக்கலைன்னு நினைச்சேன். தொப்பியைக் கழட்டி மரியாதை செஞ்சாங்களே. அதுவும் ஒட்டினதாம்மா?"

கொட்டடியில் இருந்த முன்னூறு பேரும் அவளைப் பார்த்தார்கள்.

அந்தப் படம் இதே கொட்டகையில் ஓடிய நாள் அவளுக்குத் தெரியும். தம்பி வந்து சொல்லியிருக்கிறான். மறுநாள் வேலைக்குத் திரும்பிவிடலாம் என்று சொல்லிக்கொண்டிருந்தவர்கள், தொப்பிகள் கழன்றதைப் பார்த்துவிட்டு ஓவென்று அழுதார்களாம். ஊரே நம்ம பக்கம் இருக்குடா என்று ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டார்களாம். ஒருவரும் திரும்பவில்லை. அந்த நாளிலிருந்து ஐம்பது நாள் அந்தத் தொப்பிகளைத் தின்றுதான் இருக்கிறார்கள்.

அவள் தம்பியைப் பார்த்தாள். தம்பி அவளைப் பார்த்தான். அவனுக்கு அந்த நொடியில்தான் புரிந்தது. சொல்லாதே என்று அவன் தலையசைக்கவில்லை. சொல் என்றும் அசைக்கவில்லை.

"அது நிஜம்," என்றாள்.

"அது நிஜம்," என்று திருப்பிச் சொன்னார் டிரைவர்.

"ஆமாங்க. அது நிஜம்."

ஒடிந்த கைக்காரர் கண்ணை மூடித் திறந்தார். "அதானே," என்றார்.

விசில் தலையை நிமிர்த்தினான். "நல்லா இருக்கும்மா கதை. நம்ம ஊர்வலம்னா நிஜம். உங்க தம்பி மாட்டிக்கிட்டா ஒட்டு."

யாரும் சிரிக்கவில்லை. அதற்குள் அவள் சொன்ன நாய்கூடக் கட்டுக்கதை ஆகிவிட்டது, அவர்கள் முகத்தில் தெரிந்தது. இன்னொரு தடவை ஆரம்பத்திலிருந்து சொல்லலாம் என்று வாயைத் திறந்தாள். எங்கே ஆரம்பித்தாலும் அந்தத் தொப்பிகளில்தான் போய் முடியும்.

பெரியவர் படியிலிருந்து எழுந்தார். "எனக்குச் சந்தேகம் இல்லைப்பா. ஆனா வெள்ளிக்கிழமை நீ போய் அந்த ஆளு எதிரே உட்கார்ந்தா, வெளியே நிக்கறவங்க என்னைக் கேப்பாங்க. நான் என்ன பதில் சொல்லட்டும்? நீயே சொல்லு."

தம்பி, கமிட்டி ஆள் என்பதற்குக் கையில் கட்டியிருந்த துணிப்பட்டையை அவிழ்த்தான். முடிச்சு இறுகியிருந்தது. ஒரு கையால் அவிழ்க்க வரவில்லை. பெரியவரே பிடித்து அவிழ்த்துவிட்டார்.

அவர்கள் இருவரும் வாசலைத் தாண்டும்போது யாரோ கை தட்டினார்கள். மெதுவாக, ஒவ்வொன்றாக. பிறகு இன்னொருவர். பிறகு பத்து இருபது பேர். தம்பி திரும்பிப் பார்க்காமல் நடந்தான். அவள் அவன் வேகத்துக்கு ஓடவேண்டியிருந்தது.

தெருமுனை திரும்பிய பிறகுதான் அவன் வாயைத் திறந்தான்.

"எத்தனை பேரு அக்கா?"

"எதுலே?"

"தெரியாத மாதிரி கேக்காதே. நம்ம ஊர்வலத்துலே. நம்மளைப் பார்க்க நின்னவங்க."

"கேமராவுக்குத் தெரிஞ்சது அம்பது அறுபது இருக்கும்."

"அந்தத் தொப்பி?"

"அது ஒரு சாவுக்குடா."

தண்டவாளம் தெரு நடுவில் துருப்பிடித்துக் கிடந்தது. பழக்கத்தில் அவன் அதை ஒட்டியே நடந்தான்.

"சொல்லாம விட்டது நல்லதுதான்," என்றான்.

"உன்னை விட்டுக்கொடுத்துட்டேன்."

"ஆமா, விட்டுக்கொடுத்துட்டே. வேறே என்ன பண்ணியிருப்பே?"

"உன்னை அடுத்த வாரமும் கேட்டிருக்காங்க," என்றாள். சொல்லியிருக்க வேண்டாம். வாயில் வந்துவிட்டது.

"யாரு, கமிட்டியிலேயா?"

"மந்திரி. பாலம் திறக்கிறாராம். உன்னையே போடச் சொல்லியிருக்காரு."

அவன் நின்றான். சிரிக்கப்போகிறான் என்று நினைத்தாள். உள்ளங்கை இரண்டையும் திருப்பி, தன்னுடையதுதானா என்பதுபோலப் பார்த்துக்கொண்டான்.

"போடமாட்டேன்னு சொல்ல முடியாதா?"

"நான் சொன்னா அந்த முக்காலியிலே இன்னொருத்தி வந்து உட்கார்ந்து போடுவா."

"அவளுக்கு என் முகம் தெரியாது."

"தெரியாது."

"அப்போ நீயே போடு," என்றான் தம்பி. பின்னால் தூரத்தில் இன்னும் தட்டிக்கொண்டிருந்தார்கள்.